அசைஞ்ச சொத்து

ஒரு ஏக்கர் அறுவத்திரண்டு சென்ட் நெலம் ஒன்னு, தன்னோட கெணத்தையும் ரெண்டு பனையையும் பாதி காச்ச உளுந்தையும் தூக்கிக்கிட்டு, ஒரு செவ்வாக்கெழம பகல் பதினோரு மணிக்கு சிவலாபுரம் கோர்ட்டு வாசலுக்கு நடந்து வந்து நின்னப்ப, அத மொதல்ல பாத்தது அங்கன வெள்ளரிப்பிஞ்சு விக்கிற இசக்கியம்மாதான். அவ நிமிந்து பாத்துட்டு ரெண்டே ரெண்டு வார்த்த சொன்னா.

"ஓரமாப் போ."

நெலமும் ஓரமாப் போச்சு. அதுக்கு முன்னால வழி காட்டி நடந்து வந்த பேராச்சிக்குத்தான் பொத்துக்கிட்டு வந்துது. "ஓரமாப் போயிப் போயித்தான் மூணு வருசம் போச்சு"ன்னு கத்திக்கிட்டே கேட்டுக் கதவு ரெண்டையும் தள்ளித் தொறந்தா.

பேராச்சிக்கு ஊரு கள்ளிக்குடியிருப்பு, வயசு நாப்பத்தெட்டு, கோவம் அதுக்கும் மேல. அவ அய்யா ஒன்னும் எழுதி வைக்காமப் போய்ச் சேந்துட்டாரு. நெலம் அவ பேருலயும் அவ அண்ணன் சுடலைக்கண்ணு பேருலயும் கூட்டுப் பட்டாவா ஏறிச்சு. கூட்டுப் பட்டாங்கிறது ஒரே எலையில ரெண்டு பேரு சாப்பிட உக்காந்த மாதிரி, ஒருத்தன் கை நீளமா இருந்தா இன்னொருத்தி கையக் கழுவிட்டு எந்திரிக்க வேண்டியதுதான். சுடலைக்கண்ணு அணைக்கோட்டையில பெயிண்டுக் கட வச்சிருந்தான், நெலத்துப் பக்கம் தைக்கு ஒருநா வந்து உளுந்த மூட்ட கட்டிட்டுப் போவான். பேராச்சி புருசன் செத்து ஊரு திரும்புன நாள்லருந்து இருவத்திரண்டு வருசமா அதுலயே கெடந்து, தண்ணி பாச்சி, கள புடுங்கி, நண்டு போட்ட ஓட்டைய எல்லாம் அன்னன்னைக்கு அடைச்சா; அந்த மண்ணுக்கு அவ குரலு தெரியும், மாட்டுக்குத் தெரியுத மாதிரி.

அந்த மண்ணத்தான் சுடலைக்கண்ணு ஒரு செங்கச்சூளக்காரனுக்கு, பத்தடி ஆழத்துக்கு அள்ளிக்கிடுங்கன்னு அக்ரிமெண்டு போட்டுக் குடுத்துட்டான்.

"எண்ணே, எனக்கும் பாதி இல்லையா?"

"பாதிதான்ட்டி, யாரு இல்லன்னா? அவன் மண்ண அள்ளிட்டுப் போவட்டும். பெறவு பள்ளத்துல பாதி ஒனக்கு."

சொல்லிட்டு வெத்தலச் சாறு ஒழுகச் சிரிச்சான். அந்தச் சிரிப்ப முந்தியில முடிஞ்சுக்கிட்டுத்தான் பேராச்சி வக்கீல் தனுஷ்கோடிட்டப் போனா. பாகம் பிரிச்சுக் குடுக்கணும், அதுவர மண்ணத் தொடக் கூடாது, இவ்வளவுதான் கேஸு. மூணு வரியில எழுதிரலாம். தனுஷ்கோடி நல்ல மனுசன், நாப்பது பக்கத்துல எழுதுனாரு.

இங்கதான் ஓடை வருது. அந்த நெலத்து நடுவுல ஒரு ஓடை. ஆறு வருசத்துக்கு முன்னால மாவட்டத்த ரெண்டாப் பிரிச்சப்ப, மேசையில மேப்ப விரிச்சு வச்ச எவனோ ஒரு புண்ணியவான், அந்த ஓடை மேலயே பென்சில ஓட்டிட்டான். ஓடைக்குக் கெழக்க சிவலாபுரம், மேக்க அணைக்கோட்டை. ஓடை என்ன கவர்மெண்டு சம்பளமா வாங்குது, போட்ட எடத்துல கெடக்க? ஒவ்வொரு ஐப்பசிக்கும் அது நெலத்துக்குள்ள பொரண்டு பொரண்டு படுத்துச்சு. கேஸக் கொண்டுபோனா, சிவலாபுரம் கோர்ட்டு சொல்லுச்சு, நெலம் ஓடைக்கு மேக்க கெடக்கு, அணைக்கோட்டைக்குப் போ. அணைக்கோட்டை கோர்ட்டு சொல்லுச்சு, நெலம் ஓடைக்குக் கெழக்க கெடக்கு, சிவலாபுரத்துக்குப் போ. ரெண்டு பக்கமும் கெடந்தா எந்தப் பக்கம் வேணாலும் போடலாம்னு சட்டமே இருக்குன்னு தனுஷ்கோடி புஸ்தகத்த விரிச்சுக் காட்டுனாரு. "சட்டம் இருக்கு சார், ஒங்க சர்வே நம்பர்தான் இல்ல"ன்னு ரெண்டு கோர்ட்டுலயும் புஸ்தகத்த மூடிக் குடுத்தாவ. மனு போச்சு, மனு வந்துச்சு. பேராச்சி பஸ்ஸுல போனா, பஸ்ஸுல வந்தா. அவ செருப்பு தேஞ்சு மூணாஞ்சோடி வாங்குனா, மனு மட்டும் தேயாம சுத்திக்கிட்டே இருந்துது.

மூணாந் தடவ திருப்பிக் குடுத்தது சிவலாபுரம் கோர்ட்டு ஹெட்கிளார்க்கு லூர்துசாமி. மூக்கு நுனியில கண்ணாடி, தொண்டையில எப்பவும் ஒரு செருமல்.

"இந்தாம்மா. ம்க்கும். இந்த கோர்ட்டுக்கு அதிகார வரம்பு இல்ல."

கள்ளிக்குடியிருப்புல வரப்ப வரம்புன்னுதான் சொல்லுவாவ. பேராச்சிக்கு உச்சியில ஏறிட்டுது.

"வரம்பு இல்லையா? ஏய்யா, நாலு பக்கமும் இடுப்பு ஒசரத்துக்கு நானே மம்பட்டி புடிச்சு வெட்டுன வரம்புய்யா! நேத்துக்கூட நண்டு ஓட்ட ரெண்ட அடைச்சிட்டு வாரேன். வரம்பு இல்லன்னு எந்தப் பய சொன்னான்? கூப்புடும், அவன் தலைய வச்சு அடைக்கேன்!"

ஆபீஸே சிரிச்சுது. டைப்படிக்க பிள்ள மிசின் மேல கவுந்து சிரிச்சுது. லூர்துசாமி சைக்கிளுக்குக் காத்தடிக்க மாதிரி புஸ்ஸு புஸ்ஸுன்னு சிரிச்சிட்டு, கண்ணாடியத் தொடச்சுக்கிட்டுச் சொன்னாரு.

"ஒங்க வரம்பு இல்லம்மா, எங்க வரம்பு. ஒங்க சொத்து எங்க வரம்புக்குள்ள வரல."

"வந்தா எடுப்பீயளா?"

"வந்தா ஏன் எடுக்காம? சொத்து எங்க இருக்கோ அங்கதான் கேஸு. வரச் சொல்லுங்க." திரும்பவும் புஸ்ஸு.

அவரு விளையாட்டுக்குத்தான் சொன்னாரு. பேராச்சி சிரிக்கல.

மறு செவ்வா காலம்பற ஏழு மணிக்கு ஜேசிபி வந்துது. வடகெழக்கு மூலையில ஒரு வாய் அள்ளிட்டுது. ரெண்டாவது வாய்க்கு அது கையத் தூக்கையிலதான் பேராச்சி வரம்பு மேல ஏறி நின்னு, இடுப்புல கைய வச்சு, அவுத்து விட்ட மாட்டக் கூப்பிடுத மாதிரி, "ஏய், வா. இங்கன கெடந்து கடிபட்டுக்கிட்டு என்ன செய்யப் போற? அங்கன வந்தா எடுப்பாவளாம்"னா.

நெலம் மொதல்ல பின்பக்கத்தத் தூக்கி, பெறவு முன்பக்கத்தத் தூக்கி, படுத்த எரும எந்திரிக்க மாதிரி எந்திரிச்சு, ஒடம்ப ஒரு சிலுப்பு சிலுப்பி ஓடைய மட்டும் அங்கனயே ஒதறி விட்டுட்டு, அவ பின்னால நடந்துது. அது கெடந்த எடத்துல பள்ளம்கூட இல்ல, கெழக்கத் தோட்டமும் மேக்கக் கொளத்தங்கரையும் கிட்டக்க நவுந்து ஒட்டிக்கிட்டுது. ஜேசிபி டிரைவரு தூக்குன கையத் தூக்குனபடி வச்சுக்கிட்டு, சுடலைக்கண்ணுக்கு போன் போட்டான்.

"அண்ணாச்சி, எடம் கெளம்பிட்டுது."

"எந்த எடம்ல?"

"நம்ம எடந்தான். ஒங்க தங்கச்சி கூடப் போவுது."

பதினாலு கிலோமீட்டர். வழியில எட்டரை மணி பஸ்ஸு பின்னால வந்து ஆரன் அடிச்சுது. கண்டக்டரு தலைய நீட்டி, "மதினி, அதக் கொஞ்சம் எடது பக்கமா நடக்கச் சொல்லுங்க, எனக்கு டைம் ஆச்சு"ன்னாரு. அது நவுந்து வழி விட்டுது. டீக்கடையில நின்னவன் ஒருத்தன், இது நெல்லு நெலமா உளுந்து நெலமான்னு கேட்டான். உளுந்துன்னா. நல்லதுன்னுட்டு டீயக் குடிச்சான். அவ்வளவுதான் கேள்வி.

கோர்ட்டு வளாகத்துக்குள்ள நொழஞ்ச நெலத்துக்கு எடம் பத்தல. அது யாரையும் தள்ளல, ஒரு செவுத்தையும் இடிக்கல. தூங்குறவனுக்கு அடியில பாயச் சொருகுத மாதிரி, கோர்ட்டுக் கட்டடத்துக்கு அடியில மெதுவா நொழஞ்சு, நாலு பக்கமும் வெளிய தெரியுத மாதிரி பரந்து படுத்துக்கிட்டுது. கட்டடம் ஒரு முழம் ஒசந்துது. உள்ள ஜட்ஜய்யா சாட்சி ஒருத்தன "சத்தமாச் சொல்லு"ன்னு அதட்டிக்கிட்டு இருந்தாரு, அவருக்கு மேசையில தண்ணி தம்ளரு ஒரு ஆட்டம் ஆடுனது மட்டுந்தான் தெரியும்.

மொத நா எல்லாரும் வந்து பாத்தாவ. ரெண்டாம் நா வக்கீலுமாரு வரம்பத் தாண்டப் பேண்ட மடக்கி விடப் பழகிட்டாவ. மூணாம் நா நோட்டரி தன் மேசையப் பனைக்கு அடியில போட்டுட்டாரு, நெழலு நல்லாருக்குன்னு. கேண்டீன்காரன் கெணத்துல மோட்டார எறக்கி, "நம்ம கெணத்துத் தண்ணி"ன்னு போர்டே எழுதி வச்சான். பேராச்சி அந்த "நம்ம"வக் கரியால அழிச்சா. அவன் திரும்ப எழுதுனான். அமீனா, நோட்டீஸ் ஒட்டுத வேலக்காரரு, இதுவர ஊரூராச் சைக்கிள் மிதிச்சுக் கதவு கதவா ஒட்டுனவரு, ரெண்டு பனையில வாதிக்கு ஒன்னு பிரதிவாதிக்கு ஒன்னுன்னு பிரிச்சுக்கிட்டு, எல்லா நோட்டீஸயும் அதுலயே ஒட்டிட்டு வீட்டுக்குப் போனாரு. ஜட்ஜய்யா நாற்காலிக் காலடியில உளுந்துச் செடி மொளைச்சு மேசைக்கு மேல எட்டிப் பாத்துது, வராந்தாவுல பேரு கூப்பிடுத டவாலி தினமும் காலையில பெஞ்சத் தொடைக்கையில அதுக்கும் ஒரு சொம்பு ஊத்துனான். தாலுக்கா ஆபீஸ்லருந்து சர்வேயரு வந்து சங்கிலி போட்டு அளந்து பாத்துட்டு, "இந்த சர்வே நம்பர் இந்த ஊர்ல இல்ல"ன்னு எழுதிட்டு, அந்த நெலத்து மேலயே உக்காந்து சோத்துப் பொட்டலத்தப் பிரிச்சாரு. பத்து நாள்ல எவனும் அத ஏறெடுத்துப் பாக்கல. ஒரு நெலம் பதினாலு கிலோமீட்டரு நடந்து வந்து நியாயம் கேக்குது, இவனுவ அதுல செருப்புத் தேச்சு சகதியத் தொடைக்கானுவ.

பேராச்சி தெனம் காலையில வந்து கள புடுங்கிட்டு இருந்தா. லூர்துசாமி ஜன்னல் வழியாப் பாத்து, "என்னம்மா, வரம்பெல்லாம் சுகமா இருக்கா?"ம்பாரு. மூணு வாரமா கேண்டீன்ல அவ குரல்லயே அந்தக் கதையச் சொல்லி டீ குடிச்சவரு அவரு. அவ அருகம்புல்ல வேரோட புடுங்குவா.

தனுஷ்கோடி மனுவத் திரும்பப் போட்டதுல விசாரண வந்துது. அன்னைக்கு சுடலைக்கண்ணும் வந்தான், சும்மா வரல, ஜேசிபிய கேட்டு வாசல்ல நிறுத்திட்டு வந்தான். "நெலம் எங்க நின்னா எனக்கென்ன? அக்ரிமெண்டு நெலத்துக்குத்தான், ஊருக்கு இல்ல"ன்னு சொன்னான். அதக் கேட்டு நாலு வக்கீலுமாரு, பாயிண்டு சரிதான்னு தலைய ஆட்டுனாவ.

தனுஷ்கோடி எந்திரிச்சாரு. "ஐயா, சொத்து இப்ப ஐயா கோர்ட்டு எல்லைக்குள்ள இருக்கு. எல்லைக்குள்ளன்னு என்ன, ஐயா காலுக்கடியிலயே இருக்கு. தடை உத்தரவு வேணும்."

சுடலைக்கண்ணோட வக்கீல் எந்திரிச்சாரு, கோட்ட இழுத்து விட்டாரு, ஒரு நிமிசம் மோட்டுவளையப் பாத்தாரு. வாயத் தொறக்குறதுக்கு முன்னாலயே சம்பளம் வாங்குத மனுசன்.

"ஐயா, மனுவுல நாலு எல்லை என்ன போட்டிருக்கு? கெழக்க பேச்சிமுத்து தோட்டம், மேக்க கொளத்தங்கரை, வடக்க வண்டிப்பாதை, தெக்க சாஸ்தா கோயில். இங்க என்ன இருக்கு? கெழக்க கேண்டீன், மேக்க சைக்கிள் ஸ்டாண்டு, வடக்க பஸ் ரோடு, தெக்க..." கொஞ்சம் நிறுத்துனாரு. "தெக்க கக்கூஸ். ஆக இது அந்தச் சொத்து இல்ல."

"அதே மண்ணுய்யா!" பேராச்சி பின்னாலருந்து கத்துனா. "நான் மோந்து பாத்துச் சொல்லுவேன்!"

"சைலன்ஸ்"ன்னான் டவாலி.

"இன்னொன்னு ஐயா," வக்கீல் குரலத் தாழ்த்துனாரு, பாயாசத்துல முந்திரியக் கடைசியாப் போடுத மாதிரி. "அசையாச் சொத்துன்னு வழக்குப் போட்டிருக்காவ. இந்தச் சொத்து அசைஞ்சிருக்கு. பதினாலு கிலோமீட்டரு அசைஞ்சிருக்கு. பஸ் கண்டக்டரே சாட்சி. அசைஞ்சா அது அசையும் சொத்து. அசையும் சொத்துக்கு, பிரதிவாதி எங்க குடியிருக்காரோ அங்கதான் வழக்கு. எங்க கட்சிக்காரரு குடியிருக்கது அணைக்கோட்டை."

ஜட்ஜய்யா உளுந்துச் செடிய ஒதுக்கி விட்டு, எதிர்ல இருந்த முகத்தயெல்லாம் பாத்தாரு, கடியாரத்தயும் பாத்தாரு, எழுதுனாரு. லூர்துசாமி மனுவ நாலாந் தடவையா நீட்டுனாரு.

"இந்தாம்மா. ம்க்கும். வரம்பு இல்ல."

வெளிய ஜேசிபி உறுமுச்சு.

பேராச்சி அந்தத் தாள வாங்கல. வெளிய போனா, பனைமூட்டுல சாத்தியிருந்த மம்பட்டிய எடுத்தா. சுத்தி நாலு பக்கமும் வரம்பு இருந்துது, ஜேசிபி வாயி வச்ச வடகெழக்கு மூலையில மட்டும் ஒரு வண்டி நொழையுத அகலத்துக்கு ஓட்ட, அது சரியா கோர்ட்டு கேட்டுக்கு நேரா வந்து விழுந்திருந்துது. இத்தன நாளும் ஜட்ஜு காரு, வக்கீலுமாரு பைக்கு எல்லாம் வந்து போனது அது வழியாத்தான். அவ வெட்டுனா. வெட்டிப் போட்டு, மிதிச்சு, தட்டி, திரும்ப வெட்டுனா. ஒவ்வொரு வெட்டுக்கும் ஒரு வருசத்தச் சொல்லித் திட்டுனா, இருவத்திரண்டு வருசம், இருவத்திரண்டு வெட்டு. சுடலைக்கண்ணு கேட்டுக்கு வெளிய நின்னு, "ஏட்டி, பைத்தியமா ஒனக்கு, தள்ளுட்டி"ன்னு கத்துனான். "பள்ளத்துல பாதி ஒனக்குண்ணே"ன்னுட்டு, கடைசி மண்ண அவன் மொகத்துக்கு நேரா அள்ளி வச்சு அடைச்சா. வரம்பு முட்டிக்கிட்டுது. உள்ள கோர்ட்டு.

பெறவு வரம்பு மேல ஏறி நின்னா. மூணு வருசமா வராந்தாவுல காத்துக் கெடந்து கேட்ட குரலு, டவாலியோட அதே இழுவ, அதே மூக்கடைப்பு, கடைசி எழுத்துல அதே கொட்டாவி, அச்சு அசலா எடுத்து விட்டா.

"சிவலாபுரம் கோர்ட்டூ... சிவலாபுரம் கோர்ட்டூ... சிவலாபுரம் கோர்ட்டே..."

உள்ள டவாலி தன் வாயத் தொட்டுப் பாத்துக்கிட்டான்.

"வரம்புக்குள்ள வந்தா எடுக்கலாம்னு சொன்னீயல்லா? இப்ப நீங்கதான் என் வரம்புக்குள்ள இருக்கீய. ஏய், எந்திரி. வீட்டுக்குப் போவோம்."

நெலம் பின்பக்கத்தத் தூக்குச்சு. முன்பக்கத்தத் தூக்குச்சு. கோர்ட்டு மொத்தமும், ஜட்ஜும் டவாலியும் ரெக்கார்டு ரூமும், பாதி வடையோட நின்ன வக்கீலுமாரும், எல்லாம் சேத்துத் தூக்கிக்கிட்டு, ஜேசிபியச் சுத்திக்கிட்டு ரோட்டுக்கு வந்துது. "அப்படியே போ"ன்னா இசக்கியம்மா, இந்தத் தடவ ஓரமான்னு சொல்லல. டைப்படிக்க பிள்ள விட்ட எடத்துலருந்து அடிச்சுது. வழியில எதுக்க வந்த கண்டக்டரு, "என்ன மதினி, இன்னைக்கு லோடு சாஸ்தியோ"ன்னு கேட்டுட்டு ஒதுங்குனாரு. ஜட்ஜய்யா ஜன்னலு வழியாப் புளியமரம் புளியமரமாப் போறதப் பாத்தாரு, பாத்துட்டு, வேற என்ன செய்ய, நடந்துக்கிட்டு இருக்கையிலயே ரெண்டு கேஸ ஒத்திவச்சாரு.

நாலரை மணிக்குக் கள்ளிக்குடியிருப்பு. தோட்டமும் கொளத்தங்கரையும் வெலகி எடம் விட்டுது. நெலம் பழைய எடத்துல படுத்துது, ஓடையும் அதுபாட்டுக்கு வந்து கோர்ட்டு ஹாலு நடுவுல ஓடுச்சு, இந்தக் கரையில ஜட்ஜய்யா நாற்காலி, அந்தக் கரையில லூர்துசாமி மேசை.

"ஓய்," ஜட்ஜய்யா தனுஷ்கோடியக் கூப்பிட்டாரு, "நான் இப்ப எந்த மாவட்டத்துல இருக்கேன்?"

"ஐயா சிவலாபுரத்துல இருக்கீய. ஐயாவோட ஹெட்கிளார்க்கு அணைக்கோட்டையில இருக்காரு."

பேராச்சி மம்பட்டியோட வாசல்ல நின்னா. "கெழக்க பாருங்க, பேச்சிமுத்து தோட்டம். மேக்க பாருங்க, கொளத்தங்கரை. வடக்க வண்டிப்பாதை. தெக்க சாஸ்தா கோயிலு. எல்லாம் மனுவுல போட்டபடியே இருக்கு. இது அசையாது. நீங்களும் அசைய மாட்டீய. சிவலாபுரத்துக்குக் கடைசி பஸ்ஸு அஞ்சு மணிக்கு."

மூணு வருசத்துல வராத உத்தரவு பன்னெண்டு நிமிசத்துல வந்துது. பாதி பேராச்சிக்கு, அளந்து பிரிச்சுக் குடுக்குத வர மண்ணுல எவனும் கை வைக்கக் கூடாது, மூணே வரி. கோர்ட்டு சீல ஓடைக்கு அந்தப் பக்கமிருந்து லூர்துசாமி தூக்கிப் போட, ஜட்ஜய்யா இந்தப் பக்கம் புடிச்சு, குத்துனாரு. பேராச்சி அத வாங்கி, கண்ணுக்கு நேராப் புடிச்சு எழுத்துக்கூட்டி ரெண்டு தடவ படிச்சா, மடிச்சு, முந்தியில முடிஞ்சா. சுடலைக்கண்ணு சிரிப்பு இத்தன நா இருந்த அதே முடிச்சு.

பஸ்ஸு ஆரன் சத்தம் கேட்டுது. எல்லாரும் ஃபைலக் கக்கத்துல இடுக்கிக்கிட்டு ஓடுனாவ, வரம்பு கிட்ட வந்து நின்னுட்டாவ. மேல அவ நின்னா, மம்பட்டியோட. லூர்துசாமிதான் கூட்டத்துக்கு முன்னால வந்தாரு, கண்ணாடியக் கழத்திக்கிட்டாரு.

"யம்மா. ம்க்கும். இந்த வரம்பத் தாண்டி அந்தப் பக்கம் போயிக்கிடலாமா?"

"மனு எழுதிக் குடுங்க."

"குடுத்திருதோம்மா. யாருட்டக் குடுக்கணும்?"

ரோட்டுல பஸ்ஸு கெளம்புத சத்தம். பேராச்சி அது தேயுத வரைக்கும் காது குடுத்துக் கேட்டா.

"அது எனக்குத் தெரியாதுய்யா"ன்னா. "அது நம்ம வரம்புக்குள்ள வராது."